உப்பு ரயிலின் பெயர் அட்டைகள்

ஒரு முழு சினிமாவை ஒற்றை சிடிக்குள் அடக்குவதில் பியோ இன்சொக்கை அடித்துக்கொள்ள ஆளில்லை என்று ஒரு காலத்தில் பேர் இருந்தது. எழுநூறு எம்பி. அதற்கு மேல் ஒரு துளி கூடாது, ரொம்பக் கீழே நின்றுவிட்டாலும் அவமானம். மற்றவர்கள் இரண்டு சிடியில் போட்டுவிட்டுக் கையைத் தட்டிக்கொண்டு போன படங்களை அவர் வாரக்கணக்கில் உட்கார்ந்து ஒன்றில் நுழைப்பார். பழைய படப் பிரியர்களின் இணையச் சங்கத்தில் அவருக்குப் புனைபெயர் குட்டிப்பெட்டி. வெளியே பார்த்தால், இஞ்சோன் நகரத்தில் பூப்யோங் பக்கத்து அடுக்குமாடிக் குடியிருப்பு ஒன்றில் லிஃப்டையும் தண்ணீர்க் குழாயையும் பார்த்துக்கொள்ளும் பராமரிப்புப் பிரிவுத் தலைவர், ஐம்பத்து மூன்று வயது, முன்வழுக்கை. சங்கத்துக்குள் போனால் மட்டும் ராஜா.

2003இல் அவர் அப்படிச் சுருக்கிப் போட்ட படங்களில் ஒன்று 'உப்பு ரயில்'. 1976இல் வந்த படம். உப்பளத்தில் மூட்டை தூக்கும் ஒருத்தி, சின்ன ரயிலில் ஏறிப்போய்த் திரும்பி வராத தன் தங்கையைத் தேடிக்கொண்டு ஊர் ஊராக இறங்கி ஏறுகிற கதை. தியேட்டரில் நாலே நாள்தான் ஓடியது. அப்புறம் எல்லாரும் மறந்துவிட்டார்கள். ஏதோ ஒரு கேபிள் சேனல் அதை ஒரே ஒரு தடவை, பார்க்க நாதியில்லாத மத்தியான வேளையில் போட்டது. இன்சொக் அதைக் கணினியில் நேராகப் பதிவு செய்து, சுருக்கி, சங்கத்தில் ஏற்றினார். பதினோரு பேர் இறக்கிக்கொண்டார்கள். ஒருத்தர் நன்றி சொன்னார்.

கூத்து ஆரம்பித்தது இருபது வருஷம் கழித்து. அந்தப் பதினோரு பேரில் யாரிடமிருந்தோ கைமாறிக் கைமாறி, சோல் நகரத்துக்கு மெட்ரோவில் வேலைக்குப் போகிற ஒரு பெண்ணின் ஃபோனுக்கு அந்தக் கோப்பு வந்து சேர்ந்தது. குட்டிக் கோப்பு என்பதால் ஏறுவதும் இறங்குவதும் சுலபம். மூன்று நாள் போக வரப் பார்த்துவிட்டு அவள் இணையத்தில் எழுதினாள்: இப்படி ஒரு படம் நம் நாட்டில் இருந்ததை யாரும் எனக்குச் சொல்லவே இல்லையே என்று. அவ்வளவுதான், பற்றிக்கொண்டது. எல்லார் ஃபோனிலும் உப்பு ரயில் ஓடியது. கடைசிப் பதினோரு நிமிஷத்தில் ஒரு வசனம் கிடையாது, ரயில் விசில் ஓய்கிற இடத்தில் ஒரு சோற்றுப்பானை மூடி விழும் சத்தத்தோடு காட்சி மாறும், அந்த வெட்டை மட்டும் ஆயிரம் பேர் தனியாக எடுத்துப் போட்டுப் புகழ்ந்தார்கள். பிலிம் எங்கே என்று தேடினால் எங்கும் இல்லை. தயாரித்த கம்பெனி மூடி நாற்பது வருஷமாகிறது, கேபிள் சேனலும் போய்விட்டது. உலகத்தில் மிச்சம் இருந்த ஒரே பிரதி, குட்டிப்பெட்டி சுருக்கிய அறுநூற்றுத் தொண்ணூற்றொன்பது எம்பி.

இன்சொக்குக்குக் கால் தரையில் பாவவில்லை. இஞ்சோனில் உள்ள சின்ன அரங்கம் ஒன்று, ஞாயிற்றுக்கிழமை மத்தியானம் படத்தைத் திரையிடப் போவதாக அறிவித்தது. வெளிநாட்டுப் பட விழா ஒன்றும் கேட்டிருந்தது. அரங்கத்தில் நிகழ்ச்சிகளைப் பார்த்துக்கொள்ளும் மேங் ஜுரி என்ற பெண் அவருக்கு நாலு தடவை ஃபோன் செய்துவிட்டாள். அலுவலகத்தில் எல்லாரிடமும், கேட்டவர்களிடமும் கேட்காதவர்களிடமும், இதைச் சொல்லிவிட்டார்.

அந்தச் செவ்வாய்க்கிழமை காலையில்தான், சக்கரம் வைத்த காய்கறிக் கூடையை இழுத்துக்கொண்டு ஒரு வயதான அம்மாள் அலுவலகத்துக்குள் வந்தார். தண்ணீர் வரவில்லை என்று சண்டை போட வந்தவராக இருக்கும் என்று நினைத்து எல்லாரும் தலையைக் குனிந்துகொண்டார்கள்.

"இதுல குட்டிப்பெட்டி யாரு?" என்றார் அந்தம்மா.

பக்கத்து மேசைக்காரன் சிரிப்பை அடக்க முடியாமல் தேநீர்க் கோப்பைக்குள் முகத்தை விட்டான். இன்சொக் எழுந்து நின்றார். ரசிகை என்றுதான் நினைத்தார், பாவம். நாற்காலி போட்டு, பார்லித் தண்ணீர் ஊற்றிக் கொடுத்தார்.

அந்தம்மா பெயர் தாக் ஒக்பூன். எழுபத்தைந்து வயது. பூப்யோங் நிலத்தடிக் கடைவீதியில் பேன்ட் விளிம்பு மடித்துத் தைக்கிற கடை வைத்திருக்கிறார். போன மாதம் ஒரு வாடிக்கையாளர் பேன்ட்டைக் கொடுத்துவிட்டுக் காத்திருக்கும்போது ஃபோனில் ஏதோ படம் பார்த்துக்கொண்டிருந்தாராம். ஒக்பூன் குனிந்து தைத்துக்கொண்டிருந்தவர். ஒரு ரயில் விசில் ஓய்ந்தது, உடனே ஒரு பானை மூடி விழுந்தது. ஊசி விரலில் ஏறிவிட்டது. இரண்டு சத்தத்துக்கும் நடுவில் எவ்வளவு இடைவெளி என்று அவர் காதுக்குத் தெரியும், ஏனென்றால் அந்த இடைவெளியை வெட்டி ஒட்டியவர் அவர்தான்.

இன்சொக் ஒன்றும் புரியாமல் விழித்தார். அரங்கத்தின் அறிவிப்பில், சங்கத்தின் பட்டியலில், எங்கே பார்த்தாலும் எடிட்டிங் பாங் தேசிக் என்றுதான் போட்டிருந்தது. இயக்குநரின் மற்ற எல்லாப் படத்தையும் வெட்டியவர் அவர்தான்.

அதுதான் வம்பே என்றார் ஒக்பூன். பாங் தேசிக் சம்பளத் தகராறில் கோபித்துக்கொண்டு முதல் வாரத்திலேயே போய்விட்டார். படப்பிடிப்புக்கு முன்னால் அரசாங்கத்தில் கொடுத்த விண்ணப்பத்தில் அவர் பெயர் ஏறியிருந்தது, அதை மாற்ற யாருக்கும் நேரமில்லை. அவருக்கு உதவியாளாகப் பிலிம் டப்பா தூக்கிக்கொண்டிருந்த ஒக்பூனை இயக்குநர் கூப்பிட்டு, நீயே முடி என்றார். இருபத்து மூன்று நாளில் தனியாக முடித்தார். காகிதத்தில் மாற்றாததற்குப் பரிகாரமாக இயக்குநர் திரையில் அவர் பெயரைப் போட்டார். அந்தக் காலத்தில் ஒரு பெண்ணுக்கு அது சின்ன விஷயமில்லை. தன் அம்மாவைக் கூட்டிக்கொண்டு தியேட்டருக்குப் போய், மூன்றாம் நாள் காலைக் காட்சியில் அதைப் பார்த்தார். அம்மாவுக்குப் படிக்கத் தெரியாது, இதுதான் உன் பெண் பேர் என்று விரல் நீட்டிக் காட்டினாராம். அடுத்த வருஷம் கல்யாணம், மாமியார் வீட்டில் வேலைக்கு விடவில்லை. வேறு படமே கிடையாது. வாழ்நாளில் அவர் பெயர் திரையில் ஏறியது அந்த ஒரு தடவைதான்.

"அரங்கத்துப் பொண்ணுகிட்டப் போய்க் கேட்டேன். நல்ல மாதிரிதான் பேசுச்சு, நீ இங்க இருக்கறதையும் அதுதான் சொல்லுச்சு. காகிதத்துல எல்லாம் பாங் தேசிக்னு இருக்கும்மா, திரையில உங்க பேரு இருந்தா காட்டுங்க, வெள்ளிக்கிழமை மத்தியானம் நிகழ்ச்சித் தாள் அச்சுக்குப் போறதுக்குள்ள மாத்திடறேன், அதேதான் வெளிநாட்டுக்கும் போகும்னுச்சு. சரின்னு திரையப் பாத்தா, இதோ."

அவர் ஃபோனை நீட்டினார். படத்தின் தொடக்கத்தில் வரும் பெயர் அட்டை. உப்புக் குவியலின் மேல் வெள்ளை எழுத்து இருக்க வேண்டிய இடத்தில், ஈரத்துணியால் துடைத்துவிட்ட மாதிரி ஒரு சாம்பல் தீற்றல். எந்த அட்டையிலும் ஒரு எழுத்து படிக்க முடியவில்லை.

இன்சொக் ஃபோனை வாங்கிப் பார்த்தார். அது எதனால் என்று அவருக்கு நன்றாகத் தெரியும். ஆனாலும் வாய் வேறு சொன்னது. சேனல்காரர்கள் வைத்திருந்தது ரொம்பப் பழைய டேப், அதான் அப்படி என்றார்.

ஒக்பூன் படத்தைக் கொஞ்சம் ஓட்டி நிறுத்தினார். பெயர்கள் முடிந்த அடுத்த காட்சி. உப்புக் குவியல் வெயிலில் மின்னியது.

"இதுல ஒவ்வொரு உப்புக்கல்லும் தனித்தனியாத் தெரியுது. டேப்பு பேரைப் பாத்துப் பாத்துப் பழசாகுமா, தம்பி?" பிறகு படத்தை ஆரம்பத்துக்கே இழுத்தார். கறுப்புத் திரையில் மஞ்சள் எழுத்தில், 'சுருக்கித் தந்தவர்: குட்டிப்பெட்டி' என்று ஐந்து வினாடி நின்றது. "இது மட்டும் கண்ணாடி மாதிரி இருக்கு."

சொல்லிவிட்டுத் தண்ணீரைக் குடித்து முடித்து, கூடையை இழுத்துக்கொண்டு போய்விட்டார். பக்கத்து மேசைக்காரன் இப்போது சிரிக்கவில்லை.

அன்று இன்சொக்குக்குச் சோறு இறங்கவில்லை. அந்தக் காலத்தில் சிடிக்குள் படத்தை நுழைப்பவர்கள் எல்லாரும் செய்ததுதான் அது. பெயர்கள் வருகிற பகுதியை மட்டும் தனியாகக் குறித்து, அங்கே தரத்தை அடிமட்டத்துக்கு இறக்கிவிடுவார்கள். பேரை எவன் படிக்கப் போகிறான் என்று ஒரு நினைப்பு. அதில் மிச்சமாகிற இடத்தை நல்ல காட்சிகளுக்குக் கொடுப்பார்கள். சங்கத்தில் புதிதாக வருகிறவர்களுக்கு அவரே இதை வரி வரியாக எழுதிச் சொல்லித் தந்திருக்கிறார். அப்படி எத்தனை படத்தில் எத்தனை பேரைத் துடைத்திருப்போம் என்று இந்த இருபது வருஷத்தில் அவர் ஒரு நிமிஷம் யோசித்ததில்லை. இப்போது யோசித்தார். தன் மேலேயே காறித் துப்பலாம் போல இருந்தது.

மறுநாள் காலையில் விடுப்பு சொல்லிவிட்டு நிலத்தடிக் கடைவீதிக்குப் போனார். ஒக்பூனின் கடை ஒரு ஆள் நிற்கிற அகலம்தான். தையல் இயந்திரத்துக்கு முன்னால் நின்று, டேப் பழசில்லை, நான்தான் அழித்தேன் என்று ஆரம்பித்து எல்லாவற்றையும் சொன்னார். ஒக்பூன் கத்தரியைக் கீழே வைக்காமல் கேட்டார்.

"எவ்வளவு மிச்சமாச்சு?"

"ஆறு எம்பி."

"அத என்ன பண்ணின?"

"கடைசி ரயில் காட்சில புகை வருதில்லம்மா. அது கட்டம் கட்டமா உடைஞ்சுது. அதுக்குக் குடுத்தேன்."

"புகை நல்லாத்தான் வந்திருக்கு," என்றார் ஒக்பூன். "நானே பாத்து அசந்துட்டேன். அதுக்காக உன்ன விட்டுடுவேன்னு நெனைக்காத. மூலப் பதிவு எங்க?"

மூலப் பதிவு இல்லை. அன்றைக்குக் கணினியில் இருந்த இடமே நாற்பது ஜிபி, அடுத்த படத்துக்கு இடம் வேண்டுமென்று சுருக்கிய மறுநாளே அழித்துவிட்டார். மற்றவர்களிடம் இருப்பதெல்லாம் இவர் கொடுத்ததன் நகல். இதையும் சொன்னார். சொல்லும்போதே தலையில் ஏதோ தட்டியது. பேச்சைப் பாதியில் நிறுத்திவிட்டு நின்றார்.

சோதனைத் துண்டு. படத்தைச் சுருக்குவதற்கு முன்னால், இந்தப் படம் எவ்வளவு முரண்டு பிடிக்கும் என்று பார்க்க ஒரு சோதனை செய்வார்கள். படம் நெடுக, இருநூற்றெண்பது ஃபிரேமுக்கு ஒரு தடவை பதினான்கு ஃபிரேமைக் கிள்ளி எடுத்து, எல்லாவற்றையும் ஒட்டி, நல்ல தரத்தில் ஒரு சின்னக் கோப்பாக்கிப் பார்ப்பார்கள். அது எண்ணிக்கைப்படி கிள்ளும், அவ்வளவுதான். பெயர் வருகிற இடம், காட்சி வருகிற இடம் என்கிற பாகுபாடெல்லாம் அதற்குக் கிடையாது. ஆகவே அதில் பெயர் அட்டைகள் தெளிவாக இருக்கும். எல்லா அட்டையும் இருக்காது, கிள்ளின இடத்தில் எது விழுந்ததோ அது மட்டும்.

"அந்தத் துண்ட வச்சிருக்கியா?"

மற்றவர்கள் என்றால் வேலை முடிந்ததும் அழித்துவிடுவார்கள். ஆனால் இன்சொக்குக்கு ஒரு வியாதி இருந்தது. சிடியில் ஒரு எம்பி காலியாக விட மனசு வராது. மற்றவர்கள் சுருக்கிய படங்களைச் சேமிக்கிற சிடியில், படம் போக மூலையில் மிச்சம் கிடக்கிற இடத்தில் கையில் கிடைத்த சோதனைத் துண்டுகளைத் திணித்துத்தான் பதிந்து மூடுவார். எந்தத் துண்டு எந்த சிடியில் என்று எழுதி வைக்கும் பழக்கம் மட்டும் இல்லை. வீட்டு பால்கனி அலமாரியில் நானூற்றுப் பன்னிரண்டு சிடி இருந்தன.

"அப்ப எந்திரிச்சு நட," என்றார் ஒக்பூன். கடையைப் பூட்டி, வெள்ளி வரை விடுமுறை என்று ஒரு அட்டையில் எழுதி மாட்டிவிட்டார்.

இன்சொக்கின் மனைவி யோன்சில் கதவைத் திறந்தபோது, கணவர் ஒரு முன்பின் தெரியாத அம்மாளோடும் பழைய பொருள் கடையில் வாங்கிய இரண்டு சிடி டிரைவோடும் நின்றார். ஒவ்வொரு தடவை வீடு மாறும்போதும் அந்த சிடிகளைக் குப்பையில் போடச் சொல்லி யோன்சில் சண்டை போட்டிருக்கிறார்.

"கல்யாண ஆல்பம் எங்க இருக்குன்னு கேட்டா முழிப்பாரு," என்று யோன்சில் ஒக்பூனிடம் முறையிட்டார். "இந்தத் தட்டுங்கள மட்டும் கண்ணுல வச்சு ஒத்திக்குவாரு. நீங்களாவது சொல்லுங்கம்மா."

"தேடினது கெடைக்கட்டும், அப்புறம் நானே தூக்கிப் போடறேன்," என்றார் ஒக்பூன்.

வரவேற்பறைத் தரையில் செய்தித்தாள் விரித்து வேலையை ஆரம்பித்தார்கள். ஒக்பூன் மென்துணியால் சிடியைத் துடைத்து நீட்டுவார், இன்சொக் போட்டுப் பார்ப்பார். துடைக்கிற கை நடுவிலிருந்து விளிம்புக்குப் போயிற்று, சுற்றிச் சுற்றித் துடைக்கவில்லை. யாரும் சொல்லித்தரவில்லை, பிலிம் பிடித்த கை. நாலு சிடிக்கு ஒன்று பூச்சு உரிந்து செத்துப்போயிருந்தது. டிரைவ் அதை வைத்துக்கொண்டு கர்புர் என்று அழுதுவிட்டுத் துப்பும். புதன்கிழமை முழுக்க நூற்று முப்பது பார்த்தார்கள். யார் யார் படத்தின் துண்டுகளோ கிடைத்தன, உப்பு ரயில் இல்லை. வியாழன் காலையில் ஒக்பூன் கிம்பாப் சோற்றுச் சுருள் செய்து எடுத்துக்கொண்டு எட்டு மணிக்கே வந்துவிட்டார். பத்து மணிக்கு யோன்சிலும் முணுமுணுத்துக்கொண்டே துணியை எடுத்துக்கொண்டு உட்கார்ந்தார். இப்படிப் போனால் இந்த ஆள் சாப்பிட வரமாட்டார் என்பது அவர் சொன்ன காரணம்.

மத்தியானம் மூன்று மணி வாக்கில் இன்சொக்குக்கு நம்பிக்கை ஆட்டம் கண்டது. செத்துப்போன சிடிகளின் குவியல் முழங்கால் உயரத்துக்கு வந்திருந்தது. அதற்குள் இருந்திருந்தால் கதை முடிந்தது. வாய்விட்டுச் சொல்லவும் செய்தார். ஒக்பூன் நிமிர்ந்துகூடப் பார்க்காமல், மிச்சம் எத்தனை என்று கேட்டார். நூற்றிருபது. அப்ப அழறது நூற்றிருபதுக்கு அப்புறம் வச்சுக்கலாம் என்றார்.

இருநூற்றுத் தொண்ணூற்றாறாம் எண்ணில் கிடைத்தது. ஒரு சண்டைப் படத்துக்குப் பின்னால், மூலையில் ஒட்டிக்கொண்டிருந்தது. கோப்பின் பெயரில் உப்பு ரயில் என்று இருந்தது. நகல் எடுக்கும்போது டிரைவ் பாதியில் நின்றது. வெளியே எடுத்து, ஒக்பூன் மறுபடி துடைத்து, மறுபடி போட்டார்கள். மூன்றாம் தடவை கடைசி வரை வந்துவிட்டது.

மூன்று பேரும் திரைக்கு முன்னால் முட்டி போட்டார்கள். இன்சொக் பதினான்கு பதினான்கு ஃபிரேமாகத் தாவினார். முதல் பதினான்கில் கம்பெனி பெயர், பளிச்சென்று. அடுத்ததில் படத்தின் பெயர். நடிகர்கள் இரண்டு அட்டை. கதை, வெளிச்சம், ஒலிப்பதிவு மூன்றும் ஒரே அட்டை, அது தாண்டிப்போய்விட்டது, கிள்ளல் அங்கே விழவில்லை. ஒளிப்பதிவு இருந்தது. ஒக்பூன் இன்சொக்கின் தோளைப் பிடித்துக்கொண்டார். அடுத்தது எடிட்டிங் வர வேண்டும். இன்சொக் விசையைத் தட்டினார்.

இசை என்று வந்தது.

யோன்சில் "ஐயோ" என்றார். இன்சொக் தலையில் கையை வைத்துக்கொண்டார். ஒரு அட்டை எட்டு வினாடி நிற்கிறது, கிள்ளல் பன்னிரண்டு வினாடிக்கு ஒரு தடவை, மூன்றில் ஒன்று இப்படித் தப்பத்தான் செய்யும், அவருக்கே தெரிந்த கணக்கு. ஆனாலும் போயும் போயும் இதுதானா தப்ப வேண்டும் என்று அவருக்கு அழுகையே வந்துவிட்டது.

"கைய எடுத்துட்டு இந்தப் பதினாலுல மொத ஃபிரேமுக்குப் போ," என்றார் ஒக்பூன். "நீ நடுவுல நிக்கற. அட்டைக்கு அட்டை நான் வெட்டினதில்ல, ஒண்ணு மறைய மறைய இன்னொண்ணு வர்ற மாதிரி கலக்கிவிட்டேன். ஒரு வினாடி நேரம் ரெண்டும் சேந்து இருக்கும்."

போனார். இசையமைப்பாளர் பெயர் மங்கலாக எழும்பிக்கொண்டிருந்தது. அதன் அடியில், கரைந்துகொண்டிருக்கும் இன்னொரு பெயர். இன்சொக் திரையின் வெளிச்சத்தைக் கூட்டினார். படத்தொகுப்பு என்ற சொல். பக்கத்தில் அவர் பெயரின் மூன்று கொரிய எழுத்து. ஐந்து ஃபிரேமுக்கு இருந்தது, ஆறாவதில் இல்லை.

ஒக்பூன் கண்ணாடியைக் கழற்றினார். துடைத்தார். மாட்டிக்கொண்டு மறுபடி பார்த்தார். யோன்சில் போய் பார்லித் தண்ணீர் கொண்டுவந்து அவர் கையில் வைத்தார், அவர் அதைப் பிடித்துக்கொண்டு குடிக்காமலே உட்கார்ந்திருந்தார்.

வெள்ளிக்கிழமை காலை பத்து மணிக்கு அரங்கத்தில் மேங் ஜுரி முன்னால் அந்த சிடியை வைத்தார்கள். ஜுரி கெட்டிக்காரப் பெண். பார்த்துவிட்டு, தப்பாக நினைக்க வேண்டாம், இதை நீங்களே செய்திருக்க முடியாதா என்று இன்சொக்கிடம் நேராகவே கேட்டாள். இன்சொக்குக்குக் கோபம் வரவில்லை. ஒரு தடவை பதிந்து மூடிய சிடியில் அப்புறம் ஒன்றும் சேர்க்க முடியாது, தேதியைப் பாருங்கள் என்றார். 2003 ஏப்ரல் என்று இருந்தது. அத்தோடு, முதல் நாள் சாயங்காலமே சங்கத்தின் இணையப் பக்கத்தில் தன் புனைபெயரில் எல்லாவற்றையும் எழுதியிருந்தார்: உப்பு ரயிலின் பெயர்களை அழித்தது டேப் இல்லை, நான், ஆறு எம்பிக்காக. அதையும் ஜுரி படித்தாள். பிறகு அச்சகத்துக்கு ஃபோன் செய்து, பாங் தேசிக் பெயரை எடுத்துவிட்டு ஒக்பூனின் பெயரைப் போடச் சொன்னாள்.

வெளியே வந்ததும் இன்சொக் ஆசையாக ஒரு யோசனை சொன்னார். கிடைத்த ஃபிரேம்களை நிறுத்தி, எட்டு வினாடிக்கு நீட்டி, படத்தில் ஒட்டிவிடலாம். ஞாயிற்றுக்கிழமை திரையில் உங்கள் பெயர் பளிச்சென்று வரும். ஒக்பூன் கேட்டார்: வெளிச்சக்காரர் பெயர் கிடைத்ததா? இல்லை. ஒலிப்பதிவு? இல்லை. கதை? அதுவும் இல்லை.

"அப்ப வேணாம். விடிய விடிய எனக்கு லைட்டப் பிடிச்சவன் தீற்றலா நிப்பான், நான் மட்டும் பளிச்சுன்னு நிக்கணுமா? இருக்கற மாதிரியே போடு. அத்தன அட்டையும் எனக்குத் தெரியும். நானே நின்னு சொல்லிடறேன்."

ஞாயிற்றுக்கிழமை இரண்டு மணிக்கு நூற்றிருபது இருக்கையும் நிறைந்துவிட்டது. மெட்ரோவில் படம் பார்த்தவர்கள், சங்கத்துப் பழைய ஆட்கள், பராமரிப்பு அலுவலகத்துப் பக்கத்து மேசைக்காரன்கூட வந்திருந்தான். இன்சொக் மூன்றாம் வரிசையில் மனைவியோடு உட்கார்ந்தார். அவர் எழுதியதைப் படித்துவிட்டுச் சங்கத்தில் சிலர் அவரிடம் பேசவில்லை. இன்னும் சிலர், தாங்களும் அப்படித்தான் செய்தோம் என்று தலையைக் குனிந்துகொண்டு சொல்லிவிட்டுப் போனார்கள்.

ஜுரி மைக் கொடுத்தாள், ஒக்பூன் வேண்டாம் என்றுவிட்டார். திரைக்குப் பக்கத்தில், பார்வையாளர்களுக்கு முதுகைக் காட்டி, திரையைப் பார்த்து நின்றார். விளக்கு அணைந்தது. மஞ்சள் எழுத்தில் குட்டிப்பெட்டி வரவில்லை, இன்சொக் அதை மட்டும் வெட்டிவிட்டிருந்தார்.

முதல் தீற்றல் வந்தது. ஒக்பூன் கம்பெனியின் பெயரைச் சொன்னார். அடுத்தது. உப்பு ரயில் என்றார். நடிகர்கள் பெயரை வரிசையாக, ஒன்றுகூட விடாமல் சொன்னார். அட்டை மாறுவதற்குக் கண்ணிமைக்கும் நேரம் முன்னாலேயே வாய் திறந்துவிடும், அத்தனை துல்லியம். கதை எழுதியவர். வெளிச்சம் பிடித்தவரும் அவருடைய இரண்டு உதவியாட்களும். ஒலிப்பதிவு. அந்தப் பெயர்களில் பலதை ஐம்பது வருஷமாக யாரும் உரக்கச் சொல்லியிருக்க மாட்டார்கள். ஒளிப்பதிவாளர் பெயரைச் சொன்னார்.

அடுத்த தீற்றல் எழும்பியது. ஒக்பூன் சும்மா நின்றார்.

மறந்துவிட்டாரோ என்று இன்சொக் பதறினார். ஒரு வினாடி போயிற்று, இரண்டு போயிற்று. நாலாவது வினாடியில்தான் அவருக்கு உறைத்தது. எல்லார் பெயரையும் அந்தம்மா சொல்லுவார். தன் பெயரைத் தானே எழுந்து நின்று சொல்லிக்கொள்ள மாட்டார். செத்தாலும் மாட்டார். திரையில் நடுங்கிக்கொண்டிருந்த அந்தச் சாம்பலை அவர் இமைக்காமல் பார்த்துக்கொண்டிருந்தார்.

இன்சொக் எழுந்தார். நாலு பேர் கூடின இடத்தில் வாய் திறந்து பழக்கமில்லாத ஆள், குரல் பாதியில் உடைந்துவிட்டது. தொண்டையைச் செருமிக்கொண்டு, கடைசி வரிசைக்கும் கேட்கிற மாதிரி இரண்டாம் தடவை சொன்னார்.

"படத்தொகுப்பு, தாக் ஒக்பூன்."

அதற்குள் தீற்றல் கரைந்து இசை அட்டை வந்துவிட்டிருந்தது. இசையமைப்பாளரின் பெயரைச் சொல்ல ஒக்பூனுக்குக் கொஞ்சம் தாமதமாயிற்று.